பந்தயத்தில் ஜெயித்தவன் ஏன் பணம் கொடுக்கிறான்?

கேள்வி இது: 1955-இல் வந்த 'கைஸ் அண்ட் டால்ஸ்' படத்தில் மார்லன் பிராண்டோ ஒரு சூதாடி. நண்பனோடு கட்டிய பந்தயத்துக்காக ஒரு பெண்ணை வளைக்கப் போகிறான், கடைசியில் அவள்மேல் நிஜமாகவே காதலாகிவிடுகிறான். ஆரம்பமே ஏமாற்று வேலையாக இருக்கும்போது இதைக் காதல் படம் என்று எப்படி ஒத்துக்கொள்வது? இதே கதை ஏன் திரும்பத் திரும்ப வருகிறது? இதில் உருப்படியான வேறு படங்கள் உண்டா?

முடிவைச் சொல்லாமல் இதற்குப் பதில் சொல்ல வழியில்லை. படம் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வந்து படிப்பது நல்லது.

முதலில் கதையை நினைவுபடுத்திக்கொள்வோம். நியூயார்க்கின் பிராட்வே பகுதி. நேதன் டெட்ராய்ட் (ஃபிராங்க் சினாட்ரா) திருட்டுத்தனமாகப் பகடை ஆட்டம் நடத்துபவன். போலீஸ் கெடுபிடியால் ஆட்டம் ஓரிடத்தில் நிற்காது, இடம் மாறிக்கொண்டே இருக்கும். இந்த முறை ஒரு கராஜ் கிடைக்கும்போல் இருக்கிறது. ஆனால் அதன் சொந்தக்காரன் 1,000 டாலரை முன்கூட்டியே கேட்கிறான், நேதன் கையில் காசில்லை. அந்த நேரம் பார்த்து ஊருக்கு வருகிறான் ஸ்கை மாஸ்டர்சன் (பிராண்டோ). எதன்மேலும் எவ்வளவு வேண்டுமானாலும் கட்டுவான், வானளவுக்குக் கட்டுவான் என்பதால் வந்த பெயர்.

நேதன் முதலில் ஒரு சில்லறைத் தந்திரம் செய்து பார்க்கிறான். பக்கத்து உணவகத்தில் எந்த இனிப்பு அதிகம் விற்கிறது என்று சமையலறையில் முன்கூட்டியே விசாரித்து வைத்துக்கொண்டு, அதன்மேல் ஸ்கையைப் பெட் கட்டச் சொல்கிறான். ஸ்கை சிரித்துக்கொண்டே தன் அப்பா சொன்ன புத்திமதியைச் சொல்கிறான். புத்தம்புதுச் சீட்டுக்கட்டிலிருந்து ஸ்பேட் ஜாக்கி துள்ளி வெளியே வந்து உன் காதில் ஆப்பிள் ரசத்தைப் பீய்ச்சி அடிக்கும் என்று எவனாவது பெட் கட்ட வந்தால் கட்டாதே மகனே, கட்டினால் காது நிறைய ரசத்தோடுதான் நிற்பாய்.

இவ்வளவு உஷாரான ஆள் அடுத்த சில நிமிடங்களில் மாட்டிக்கொள்கிறான். பெண்கள் எல்லாம் ஒன்றுதான், யாரை வேண்டுமானாலும் கூட்டிப்போகலாம் என்று வாயை விடுகிறான். நேதன் அதை அப்படியே பிடித்துக்கொள்கிறான்: நான் கைகாட்டும் பெண்ணை நீ ஹவானாவுக்குச் சாப்பிடக் கூட்டிப்போக வேண்டும், 1,000 டாலர் பெட். ஸ்கை சரி என்ற பிறகுதான் நேதன் கைகாட்டுகிறான். தெருவில் மேளம் கொட்டி, பாவிகளே மனந்திரும்புங்கள் என்று முழங்கிக்கொண்டு போகும் மிஷன் ஊழியர் சாரா பிரவுன் (ஜீன் சிம்மன்ஸ்).

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். ஏமாற்று வேலை கடைசிவரை நீடிக்கிறது என்ற நினைப்பில்தான் கேட்டிருக்கிறீர்கள். உண்மையில் அது பாதியிலேயே முடிந்துவிடுகிறது. ஹவானாவில் ஸ்கை தானாகவே உண்மையைச் சொல்லிவிடுகிறான்: உன்னை இங்கே கூட்டிவந்ததே ஒரு பெட்டுக்காகத்தான். சாரா கோபப்படவில்லை. ஒரு பெண் சூதாடியைச் சந்திக்க வேறு என்ன வழி இருக்கிறது என்கிற மாதிரி பதில் சொல்கிறாள். அவள் அப்போது போதையில் இருக்கிறாள் என்பது வேறு விஷயம். பால் கலந்த இனிப்பான பானம் என்று நம்பி அவள் குடித்துக்கொண்டிருப்பதில் ரம் கலந்திருக்கிறது, அது பால் கெடாமல் இருக்கச் சேர்க்கும் பொருள் என்று ஸ்கை விளக்கம் வேறு கொடுத்திருக்கிறான். போதையில் இருப்பவளிடம் பாவமன்னிப்புக் கேட்பது எந்த அளவுக்கு நியாயம் என்று நீங்கள் கேட்டால் என்னிடம் பதில் இல்லை. படத்திடமும் இல்லை.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். பெட் என்ன? ஹவானாவுக்குக் கூட்டிப்போய்ச் சாப்பிட வைப்பது. சாரா அங்கே மேசைமுன் உட்கார்ந்து சாப்பிட்ட நிமிடத்திலேயே ஸ்கை ஜெயித்தாகிவிட்டது. அதற்குப் பிறகு நடக்கிற எதற்கும் ஒரு பைசா கிடையாது. இன்னும் கொஞ்ச நேரம் இங்கேயே இருக்கலாம் என்று அவள் கேட்கும்போது மறுத்துவிட்டு, பத்திரமாக நியூயார்க்குக்குக் கூட்டிவருகிறானே, அதுதான் அவன் பெட்டுக்கு வெளியே எடுக்கும் முதல் முடிவு.

ஊர் திரும்பினால் விடியற்காலையில் வேறொரு விபரீதம் காத்திருக்கிறது. மிஷன் ஆட்கள் இரவெல்லாம் வெளியே போயிருந்த நேரத்தில், நேதனின் கும்பல் மிஷன் கூடத்திலேயே பகடை ஆடியிருக்கிறது. போலீஸ் வர, கும்பல் சிதறி ஓடுகிறது. தன்னை ஹவானாவுக்குக் கூட்டிப்போனதே இடத்தைக் காலி செய்யத்தான் என்று சாரா முடிவுகட்டுகிறாள். ஸ்கைக்கு அதில் சம்பந்தமே இல்லை. சொன்னாலும் யார் நம்புவார்கள்?

அடுத்து வரும் பாதாளச் சாக்கடைக் காட்சிதான் படத்தின் உயிர் என்பேன். போலீசுக்குப் பயந்து ஆட்டம் தரைக்குக் கீழே போய்விட்டது. சிகாகோவிலிருந்து வந்த பிக் ஜூல் என்ற முரடன், தோற்ற பணத்தை மீட்கத் தன் சொந்தப் பகடைகளை எடுக்கிறான். அவற்றில் புள்ளிகளே இல்லை. ராசிக்காக அழித்துவிட்டானாம். எந்தப் பக்கத்தில் எத்தனை புள்ளி இருந்தது என்பது அவனுக்கு மட்டும் ஞாபகம் இருக்கிறதாம். நேதன் வெறும் பகடையைப் பார்த்துப் பார்த்துத் தோற்று, ஓட்டாண்டியாக நிற்கிறான். அங்கே ஸ்கை வருகிறான். ஹவானா பெட்டுக்குக் கொடுக்கத் தன்னிடம் பணமில்லை என்று நேதன் இழுக்க, ஸ்கை 1,000 டாலரை எடுத்து அவனிடம் நீட்டுகிறான். பெட்டில் நான் தோற்றுவிட்டேன், அந்தப் பெண் வரவில்லை.

பெரிய இசை இல்லை, முகத்தை நெருங்கிப் போகும் கேமரா இல்லை, பிராண்டோ அதைப் போகிற போக்கில் சொல்கிறார். ஆனால் இவன் யார் என்று யோசியுங்கள். ஜெயித்த பெட்டைத் தோற்றதாகச் சொல்வது சூதாடிகள் உலகத்தில் யாரும் செய்யாத காரியம். அவனுக்கு வீடில்லை, ஹோட்டல் அறைகளில் வாழ்கிறவன். அவனிடம் இருக்கும் ஒரே சொத்து, எடுத்த பெட்டை முடிப்பான் என்ற பெயர். சாரா ஓர் இரவு அவனோடு ஹவானாவில் இருந்தாள் என்று நான்கு பேர் பேசக்கூடாது என்பதற்காக அந்தச் சொத்தையே கொடுத்துவிடுகிறான். காதலைச் சொல்லும் வசனங்கள் படத்தில் நிறைய உண்டு. எனக்கு இந்தப் பொய்தான் அவற்றையெல்லாம்விட நம்பும்படியாக இருக்கிறது.

அப்புறம் அங்கேயே இன்னொரு பந்தயம் கட்டுகிறான். முன்னரே சாராவுக்கு ஒரு கடன்சீட்டு எழுதிக் கொடுத்திருக்கிறான்: வியாழன் இரவுக் கூட்டத்துக்கு 12 அசல் பாவிகளைக் கொண்டுவருவேன் என்று. கூட்டம் காலியாக இருந்தால் அந்த மிஷன் கிளையை மூடிவிடுவோம் என்று மேலிடம் சொல்லியிருக்கிறது. ஆகவே ஸ்கை எல்லாச் சூதாடிகளிடமும் சொல்கிறான்: ஒரே ஆட்டம். நான் தோற்றால் ஆளுக்கு 1,000 டாலர். ஜெயித்தால் உங்கள் ஆன்மா எனக்கு, அதாவது நீங்கள் கூட்டத்துக்கு வரவேண்டும்.

கணக்குப் போட்டுப் பார்த்தால் இது எவ்வளவு கிறுக்குத்தனம் என்று தெரியும். அந்தப் பகடை ஆட்டத்தில் முதல் வீச்சில் 7 அல்லது 11 விழுந்தால் வெற்றி, 36 சாத்தியங்களில் அது 8. விழுவது 2, 3 அல்லது 12 என்றால் உடனே தோல்வி, அது 4. வேறு எண் விழுந்தால், 7 வருவதற்கு முன் அதே எண் மறுபடி விழவேண்டும். எல்லாம் சேர்த்து, உருட்டுபவன் ஜெயிக்கும் வாய்ப்பு நூற்றுக்கு 49.3. கிட்டத்தட்ட காசு சுண்டுவது மாதிரிதான், கொஞ்சம் பாதகமாக. எதிரே 12 பேர் என்று வைத்தாலே போகக்கூடிய தொகை 12,000 டாலர். ஜெயித்தால் கையில் ஒரு டாலர்கூட வராது. அதிர்ஷ்டத்தைப் பெண்ணாக்கிக் கெஞ்சும் புகழ்பெற்ற பாட்டு இங்கேதான் வருகிறது. ஜெயித்துவிட்டான் என்பது, பள்ளிக்கூடத்துக்கு இழுத்துவரப்பட்ட பிள்ளைகள்போல மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு சூதாடிகள் மிஷனுக்குள் வருவதைப் பார்க்கும்போது புரிகிறது.

அந்தக் கூட்டத்தில்தான் சாராவின் முறை வருகிறது. போலீஸ் அதிகாரி உள்ளே வந்து, நேற்றிரவு இங்கே சூதாடியவர்கள் இவர்கள்தானே என்று கேட்கிறார். ஊருக்கே உண்மை பேசச் சொல்லும் சாரா, இவர்களை நான் பார்த்ததே இல்லை என்கிறாள். பாவ அறிக்கை செய்ய எழுந்த நேதன் போகிற போக்கில் உளறுகிறான்: ஒருவன் ஒரு பெண்ணை வெளியூர் கூட்டிப்போக மாட்டான் என்று பெட் கட்டினேன், அது தப்பு, ஆனால் நான்தான் ஜெயித்தேன், அதனால் ஒன்றும் கெட்டுப்போகவில்லை. நீங்கள் ஜெயித்தீர்களா என்று சாரா கேட்கும்போது ஜீன் சிம்மன்ஸின் முகத்தைப் பார்க்க வேண்டும். ஸ்கை என்ன செய்திருக்கிறான் என்பது அவளுக்கு அந்த நொடியில்தான் தெரிகிறது.

ஆக, இந்தப் படத்தில் அவனும் பொய் சொல்கிறான், அவளும் பொய் சொல்கிறாள். இரண்டு பொய்யும் மற்றவரைக் காப்பாற்ற, தனக்கு நஷ்டம் வரும்படி சொன்னவை. பந்தயக் காதல் கதைகளில் நல்லது எது, மட்டமானது எது என்று பிரிக்க நான் பார்ப்பது இந்த ஒன்றைத்தான். பந்தயம் வெளியே தெரிந்ததும் அவள் அழுது, அவன் மழையில் ஓடிவந்து மன்னிப்புக் கேட்டால் அது வெறும் வசனம். ஜெயித்த காசை அவன் எப்படித் தொலைக்கிறான் என்பதைக் காட்டினால் அது கதை.

படத்தில் குறை இல்லாமல் இல்லை. இரண்டரை மணி நேரம் ஓடுகிறது, அரைமணி குறைத்திருக்கலாம். சினாட்ரா ஆசைப்பட்டது ஸ்கை வேடத்துக்கு, கிடைத்தது நேதன். அந்த அலுப்பு திரையிலும் தெரிகிறது என்பது என் எண்ணம். பிராண்டோ பாடகர் இல்லை, ஆனாலும் சொந்தக் குரலில்தான் பாடினார். சிம்மன்ஸும் அப்படியே. எனக்கு அந்தப் பிசிறு பிடித்திருக்கிறது, பழகாத வேலையைச் செய்கிறவனின் கூச்சம் அந்தப் பாத்திரத்துக்குப் பொருந்துகிறது. இயக்குநர் ஜோசப் மேன்கிவிச் பேச்சுக் காட்சிகளுக்குப் பேர்போனவர். அதனாலோ என்னவோ 1950-இல் பிராட்வேயில் அரங்கேறிய மூல இசைநாடகத்தின் சில அருமையான பாடல்கள் போய், வசனம் கூடிவிட்டது. ஒரு வசனக் காட்சி மட்டும் தங்கம். மிஷனின் பலகையில் எழுதியிருக்கும் பைபிள் வாசகம் நீதிமொழிகளில் வருவதில்லை, ஏசாயா 57:21 என்று ஸ்கை திருத்துகிறான். சாரா நம்பாமல் எடுத்துப் பார்க்கிறாள், அவன் சொன்னதுதான் சரி. ஹோட்டல் அறை ஒவ்வொன்றிலும் ஒரு பைபிள் வைத்திருப்பார்களே, ஹோட்டலிலேயே வாழ்கிறவன் அதைப் படித்துப் படித்து மனப்பாடம் செய்திருக்கிறான். அவள் அவனை முதன்முதலில் நிமிர்ந்து பார்ப்பது அங்கேதான்.

மூலக் கதை டேமன் ரன்யன் எழுதியது. அதில் சாரா இன்னும் துணிச்சல்காரி: ஆன்மாக்களுக்காகச் சூதாடுகிறான் என்று கேள்விப்பட்டு ஆட்டம் நடக்கும் இடத்துக்கே வந்து, தன் கையில் இருக்கும் இரண்டு டாலரை ஸ்கையின் ஆன்மாவுக்கு எதிராகக் கட்டுகிறாள். படம் அதை விட்டுவிட்டது நஷ்டம்தான்.

இனி, ஏன் திரும்பத் திரும்ப வருகிறது என்ற கேள்வி. கதை சொல்பவருக்கு இதில் பெரிய வசதி இருக்கிறது. காதலில் யாருக்கு எவ்வளவு நஷ்டம் என்பதை வழக்கமாக அளந்து காட்ட முடியாது. பந்தயம் வந்துவிட்டால் தொகை உண்டு, கெடு உண்டு, விதி உண்டு, சாட்சி உண்டு. ஒருவன் மாறிவிட்டான் என்பதை அவன் பேச்சை நம்பி ஏற்கவேண்டியதில்லை, அவன் எந்த விதியை மீறுகிறான் என்று பார்த்தாலே போதும். நம் பக்கத்துப் பழைய கதையிலும் இதைப் பார்க்கலாம். நளன் நாட்டையும் செல்வத்தையும் புட்கரனிடம் தோற்ற பிறகு, தமயந்தியைப் பணயம் வைத்து ஆடு என்று கேட்கிறான் புட்கரன். நளன் அந்த இடத்தில் ஆட்டத்தை நிறுத்திவிட்டு எழுந்து போகிறான். தருமன் எழுந்திருக்கவில்லை. இருவரும் சூதில் எல்லாவற்றையும் தொலைத்தவர்கள்தான். ஆனால் நளன் கதை காதல் கதையாகவும், தருமன் கதை யுத்தக் கதையாகவும் போனதற்கு அந்த ஓர் இடம் ஒரு காரணம்.

மற்ற படங்கள் என்று கேட்டால், 1932-இல் வந்த 'நோ மேன் ஆஃப் ஹெர் ஓன்' கட்டாயம் பாருங்கள். கிளார்க் கேபிளும் கரோல் லம்பார்டும் சேர்ந்து நடித்த ஒரே படம், ஏழு வருடம் கழித்து நிஜத்தில் கல்யாணம் செய்துகொண்டார்கள். கேபிள் நியூயார்க்கில் சீட்டாட்டத்தில் ஏமாற்றிப் பிழைப்பவன், சிறு ஊரில் தலைமறைவாக இருக்கும்போது நூலகத்தில் வேலை செய்யும் லம்பார்டைப் பார்க்கிறான். காசைச் சுண்டிப் போட்டுத்தான் கல்யாணம் செய்வதா வேண்டாமா என்று முடிவாகிறது. காசு சொன்னதை மீறமாட்டான். பிறகு மனம் மாறி, தென் அமெரிக்காவுக்குப் போகிறேன் என்று மனைவியிடம் புளுகிவிட்டு, தானே போலீசிடம் போய் 90 நாள் சிறையில் உட்கார்ந்துவிட்டு வருகிறான். இங்கேயும் பொய், இங்கேயும் சொன்னவனுக்குத்தான் நஷ்டம்.

'தி லேடி ஈவ்' (1941) இதைத் தலைகீழாக்குகிறது. சீட்டு மோசடிக்காரி பார்பரா ஸ்டான்விக், ஏமாறும் பணக்காரப் பிள்ளை ஹென்றி ஃபோண்டா. கப்பலில் ஒரு சீட்டாட்டம்: அவளுடைய அப்பா ஃபோண்டாவை மொட்டையடிக்கக் கள்ளச் சீட்டு இறக்குகிறார், மகள் ஃபோண்டாவைக் காப்பாற்ற அதே மேசையில் அப்பாவுக்கு எதிராகக் கள்ளச் சீட்டு இறக்குகிறாள். நடுவில் உட்கார்ந்திருப்பவனுக்கு ஒன்றும் தெரியாது. காதல் காட்சி என்றால் இது.

'இண்டீசன்ட் ப்ரபோசல்' (1993) எனக்குப் பிடிக்காத படம், ஆனாலும் கடைசியில் ஒரு நல்ல இடம் இருக்கிறது. லாஸ் வேகஸில் கைக்காசை இழந்த தம்பதியிடம் கோடீஸ்வரன் ராபர்ட் ரெட்ஃபோர்ட், மனைவியோடு ஓர் இரவுக்கு 10 லட்சம் டாலர் தருகிறேன் என்கிறான். கதை எங்கெங்கோ சுற்றி, அவள் அவனிடமே வந்துவிடுகிறாள். ஆனால் அவள் மனம் இன்னும் கணவனிடம்தான் என்று அவனுக்குப் புரிகிறது. உன்னைப்போல் பத்து லட்சத்துக்கு வந்த பெண்கள் இன்னும் பலர் உண்டு என்கிற மாதிரி ஒரு பொய்யைச் சொல்லி, அவளாகவே வெறுத்துப் போகும்படி செய்கிறான். ஸ்கையின் பொய்க்குத் தூரத்துச் சொந்தம்.

தோற்கத் தெரியாதவனுக்கு என்ன ஆகும் என்று பார்க்க 'டேஞ்சரஸ் லையசான்ஸ்' (1988). 1782-இல் வந்த பிரெஞ்சு நாவலின் கதை. ஒழுக்கத்துக்குப் பேர்போன மேடம் தூர்வெலை (மிஷேல் ஃபைஃபர்) வீழ்த்தி எழுத்தில் சான்று கொண்டுவந்தால், பரிசாக ஓர் இரவு தருகிறேன் என்கிறாள் மெர்த்தே (க்ளென் க்ளோஸ்). வால்மோன் (ஜான் மால்கோவிச்) ஜெயிக்கிறான், கூடவே காதலிலும் விழுகிறான். நீ காதலிக்கிறாய், ஊர் சிரிக்கும் என்று மெர்த்தே சீண்டியதும் அவனால் தாங்க முடியவில்லை. தூர்வெலிடம் போய், என் கையில் ஒன்றும் இல்லை, என் கையில் ஒன்றும் இல்லை என்று ஒரே வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லி அவளை நொறுக்குகிறான். ஸ்கை செய்ததற்கு நேர் எதிர்: பேருக்காகப் பெண்ணைக் கொடுத்துவிட்டான். பரிசைக் கேட்டுப் போனால் மெர்த்தே தரமறுக்கிறாள். மூன்று பேரில் ஒருவருக்கும் நல்ல முடிவு இல்லை. உங்களுக்கு 'கைஸ் அண்ட் டால்ஸ்' ரொம்ப இனிப்பாகத் தோன்றியிருந்தால் இது மாற்று.

பள்ளிக்கூடப் பெட் படங்கள் ஏராளம், பெரும்பாலும் ஒரே அச்சு. அவற்றில் 'ஷீ'ஸ் ஆல் தட்' (1999) மட்டும் பரவாயில்லை, காரணம் பையன் பெட்டில் உண்மையாகவே தோற்று, பட்டமளிப்பு நாளில் எல்லார் முன்னாலும் அதற்கான தண்டனையை ஏற்கிறான்.

எதில் ஆரம்பிக்கலாம் என்றால், பழைய கறுப்பு வெள்ளைப் படங்கள் ஒத்துவரும் என்றால் 'தி லேடி ஈவ்'. சுமார் ஒன்றரை மணி நேரம்தான், ஒரு நிமிடம் வீண் இல்லை. ஏற்கெனவே பார்த்த 'கைஸ் அண்ட் டால்ஸை' மறுபடி போட்டுப் பார்ப்பதாக இருந்தால் தொடக்கத் தெருக்காட்சிகளை ஓட்டிவிட்டு, ஸ்கை மிஷனுக்குள் நுழைந்து அந்தப் பலகையைப் பார்க்கும் இடத்திலிருந்து தொடங்குங்கள்.